விலை கொடுத்தவனிடம் இல்லாத திறவுகோல்

2003 ஆம் ஆண்டில் இலங்கைப் பாராளுமன்றம் இயற்றிய சட்டங்களின் வரிசையில் 35 ஆம் இலக்கமும் 36 ஆம் இலக்கமும் அருகருகே அமர்ந்திருக்கின்றன. முன்னது, 1948 ஆம் ஆண்டுப் பிரசாவுரிமைச் சட்டத்தினால் நாடற்றவராக்கப்பட்டு, அரை நூற்றாண்டுக்கு மேலாக விண்ணப்பங்களோடும் ஒப்பந்தங்களோடும் அலைக்கழிந்த இந்திய வம்சாவளியினரில் எஞ்சியிருந்தோருக்குப் பிரசாவுரிமை வழங்கிய சட்டம். பின்னது, நூலும் பாட்டும் படமும் கணினி நிரலும் ஆகிய புத்தியின் விளைச்சல்களையெல்லாம் சொத்தென வரையறுத்து அவற்றுக்கு வேலி கட்டிய புலமைச் சொத்துச் சட்டம். யட்டியாந்தோட்டை, தெரணியகலைப் பக்கத்து இறப்பர்த் தோட்டங்களிலும், பலாங்கொடை, இறக்குவானைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டங்களிலும் 35 ஆம் இலக்கத்தைப் பற்றிப் பேச்சிருந்தது. 36 ஆம் இலக்கத்தை எவரும் பொருட்படுத்தவில்லை, பொருட்படுத்துவதற்கு அன்று காரணமும் இருக்கவில்லை. இரண்டு தசாப்தங்கள் கழிந்த இன்றோ, அந்தப் பின்னைய சட்டத்தின் விஷயமும் தொழிலாளர் குடியிருக்கும் லயக் காம்பராவுக்குள் நுழைந்து, தொலைக்காட்சிப் பெட்டியின் கீழே ஒரு கறுப்புப் பெட்டியாக உட்கார்ந்துவிட்டது.

அந்தப் பெட்டி பெரும்பாலும் புதிதாக வாங்கப்பட்டதன்று. கொழும்பிலே கடைகளிலும் ஹோட்டல்களிலும் வேலை பார்க்கும் பிள்ளை, தீபாவளிக்கோ சித்திரை வருடப் பிறப்புக்கோ வீடு வரும்போது, யாரோ ஆடிக் கழித்த பிளே ஸ்டேஷன் ஒன்றைத் தம்பிமாருக்கென்று சுமந்து வருகிறான். அல்லது இரத்தினபுரியிலோ அவிசாவளையிலோ போன் திருத்தும் கடையொன்றில் தவணை சொல்லி எடுத்துக்கொள்கிறான். வாங்கும்போது கேட்கப்படும் முதற் கேள்வி யந்திரத்தின் வயதைப் பற்றியதன்று, “சிப் அடிச்சதா?” என்பதே அது. மாதிரி சற்றுப் புதியதாயின், “ஜெயில்பிரேக் பண்ணினதா?”, அதாவது யந்திரத்தினுள்ளிருக்கும் பூட்டை நிரலாலே உடைத்ததா, என்று கேட்பார்கள். இவ்விரு கேள்விகளின் பின்னால், உலகின் மிகப் பெரிய ஸ்தாபனங்கள் சிலவற்றுக்கும், பெயரறியாத மாணவர் சிலருக்கும் இடையே பல்லாண்டுகளாக நடந்துவரும் கணித யுத்தமொன்று கிடக்கிறதென்பதைக் கேட்பவரும் அறியார், விடை சொல்லும் கடைக்காரரும் பெரும்பாலும் அறியார்.

கேள்வியின் காரணத்தைக் கூலிக் கணக்கே சொல்லிவிடும். தோட்டத் தொழிலாளியின் நாட்சம்பளம் 2021 இல் ஆயிரம் ரூபாவாகவும், 2024 இல் 1,350 ரூபாவாகவும் நிர்ணயமாயிற்று. பெரிய ஸ்தாபனமொன்றின் புதிய விளையாட்டுக்கோ 2020 ஆம் ஆண்டு முதல் அமெரிக்கச் சந்தையில் 70 டொலர் என்பது வழக்கமான விலையாகிவிட்டது. டொலருக்கு 300 ரூபா வீதம் கணக்கிட்டால் 21,000 ரூபா. அதாவது, விடியற்காலையில் பிரட்டுக்கு (ஆட்கணக்கெடுப்புக்கு) போய், மழை வந்தால் பால் வெட்டில்லாமல் அரைப் பேரோடு (அரைநாட் கூலியோடு) திரும்பும் ஒருவரின், 2024 ஆம் ஆண்டுச் சம்பளத்தின்படி பதினைந்து நாட் பேருக்கு மேற்பட்டது, ஒரேயொரு விளையாட்டின் விலையாயிற்று. 2022 இல் ரூபாவின் பெறுமதி சரிந்து, 200 அளவில் நின்ற டொலர் சில மாதங்களுக்குள் 360 ஐத் தாண்டியபோது இந்தக் கணக்கு இன்னும் பயங்கரமாக இருந்தது. சிப் அடித்த யந்திரமும் நூறு ரூபாச் சீடியும் தோட்டத்திற்குள் எப்படி வந்தன என்று வியப்பவர், சம்பள நாளன்று ஒரு குடும்பத்தின் கடன் கொப்பியைப் பார்த்திராதவராகவே இருக்க வேண்டும்.

வறுமை திருட்டை நியாயமாக்காது என்று உடனே சொல்லப்படும், அது வாஸ்தவமே. ஒரு விளையாட்டை உருவாக்குவதற்குப் பல நூறு பேர் பல வருஷங்கள் உழைக்கிறார்கள்; அதன் பிரதியைச் சீடியிலே ஏற்றி மேசை மேல் அடுக்கி விற்பவன் அவர்களுடைய உழைப்பிலே பிழைக்கிறான்; நாளை நம் பிள்ளையொருத்தன் தமிழிலே ஒரு விளையாட்டைச் செய்து வெளியிட்டால், அவனுடைய சோற்றிலும் அதே கை விழும். அந்த வியாபாரத்துக்குப் பரிந்து பேச எனக்கு விருப்பமில்லை. என் கேள்வி அதற்கு முந்தியது. ஒருவன் விலை கொடுத்து வாங்கிய யந்திரத்தினுள்ளே அவனாலேயே திறக்க முடியாத பூட்டொன்றை அமைத்து, அதைத் திறப்பதற்குரிய சாதனத்தை விற்பதையும் சட்டவிரோதமென விதிப்பதானால், அந்தப் பூட்டு எதைக் காக்கிறது, எந்த எல்லைவரை காக்கலாம் என்பதைச் சட்டம் தெளிவாகச் சொல்லியிருக்க வேண்டுமல்லவா? நமது சட்டம் அதைச் சொல்லவில்லை.

பூட்டின் பூர்வோத்தரத்தைப் பார்த்தால், அது பிறந்தது பிரதி எடுப்பவனைத் தடுப்பதற்காக மட்டுமன்று என்பது விளங்கும். 1983 அளவில் அமெரிக்காவின் விளையாட்டு யந்திரச் சந்தை, யார் வேண்டுமானாலும் எதை வேண்டுமானாலும் வெளியிடலாம் என்றிருந்த நிலையினால், தரமற்ற சரக்கு மலிந்து சரிந்து விழுந்தது. அதைப் பார்த்திருந்த ஜப்பானிய ஸ்தாபனமாகிய நின்டெண்டோ, 1985 இல் தன் யந்திரத்தை அந்நாட்டிற்குக் கொண்டு சென்றபோது, யந்திரத்திலே ஒரு சில்லும், விளையாட்டுப் பேழை ஒவ்வொன்றிலும் அதற்கு இணையான இன்னொரு சில்லும் வைத்து, இரண்டும் ஒன்றோடொன்று ஒத்த சங்கேதம் பேசினாலொழிய யந்திரம் இயங்காதவாறு செய்தது. யந்திரத்தைக் குறைந்த லாபத்திலே விற்று, விளையாட்டு வெளியிடுவோரிடம் உரிமைக் கட்டணம் வாங்கிப் பிழைக்கும் வியாபார முறைக்கு இதுவே அஸ்திவாரம். பூட்டு காத்தது கடைவாசலை. உள்ளே வருபவர் எவராயினும் வாசற்காரனுக்குக் கட்டணம் செலுத்தியாக வேண்டும்.

இத்தகைய பூட்டை எதிர்த்த இருவரின் கதைகளை அடுத்தடுத்து வைத்துப் பார்ப்பது பயன் தரும். ஆட்டாரி கேம்ஸ் என்ற ஸ்தாபனம், வழக்குக்குத் தேவையென்று பொய்க் காரணம் சொல்லி, அமெரிக்கப் பதிப்புரிமை அலுவலகத்திலே பதிவு செய்து வைக்கப்பட்டிருந்த நின்டெண்டோச் சில்லின் நிரலைப் பெற்றுக்கொண்டு, அதைப் பார்த்துத் தன் சில்லைச் செய்தது. 1992 இல் நீதிமன்றத்திலே தோற்றது. அதே ஆண்டில் அக்கலேட் என்ற மற்றொரு ஸ்தாபனம், சேகா கம்பனியின் யந்திரத்தைக் கடையிலே விலைக்கு வாங்கி, தன் மேசையிலே பிரித்து ஆராய்ந்து, அதில் இயங்கத்தக்க விளையாட்டுகளை எழுதியிருந்தது. பொருத்தத்தை அறிவதற்கு அதைத் தவிர வேறு வழியில்லையாதலால் அந்த ஆராய்ச்சி நியாயமான உபயோகமே என்று மேன்முறையீட்டு நீதிமன்றம் தீர்த்தது. இருவரும் விரும்பியது ஒன்றே, பிறருடைய யந்திரத்தில் அனுமதி கேளாமல் ஆடுவது. ஒருவர் வஞ்சகத்தால் பெற்றார், மற்றவர் தம் உழைப்பால் அறிந்தார். நீதி அந்த வேற்றுமையைக் கண்டுகொண்டது. இப்படிப்பட்ட நுட்பத்தை நான் நமது சட்டத்திலும் எதிர்பார்க்கிறேன்.

இனி, நம் பிள்ளைகள் சொல்லும் ‘சிப்’புக்கு வருவோம். 1994 இல் ஜப்பானில் சோனி ஸ்தாபனம் வெளியிட்ட முதல் பிளே ஸ்டேஷனின் தட்டிலே, சாதாரண சீடி எழுதும் கருவியால் எழுத முடியாத விதமாக, தொடக்க வட்டத்தின் தடத்தையே நுண்ணிதாக நெளியச் செய்து நான்கு எழுத்துகளைப் பதித்திருந்தார்கள். அவ்வெழுத்துகள் ஜப்பானுக்கொன்று, அமெரிக்காவுக்கொன்று, ஐரோப்பாவுக்கொன்று என வேறுபடும். தட்டிலே அந்த எழுத்துகளைக் காணாவிடில் யந்திரம் முகத்தைத் திருப்பிக்கொள்ளும். சிப் என்பது வேறொன்றுமன்று, யந்திரம் “எழுத்து எங்கே?” என்று கேட்கும் வேளையில், தட்டு சொல்ல வேண்டியதைத் தானே முந்திக்கொண்டு சொல்லிவிடும் சிறு சில்லு. அதைப் பற்றாசு வைத்து ஒட்டுவதற்குக் கையும் கண்ணும் நிதானமாக இருந்தாற் போதும், கணிதம் வேண்டியதில்லை. ஆனால் ஒன்றைக் கவனியுங்கள்: ஜப்பானியக் கடையிலே முழு விலை கொடுத்து வாங்கிய உண்மைத் தட்டையும் ஐரோப்பிய யந்திரம் அதே எழுத்தைக் காட்டி மறுத்தது. திருடனைத் தடுக்கும் பூட்டு, சந்தையைக் கூறு போடும் வேலியாகவும் வேலை செய்தது.

இவ்விஷயம் அவுஸ்திரேலியாவின் உயர் நீதிமன்றம்வரை போயிற்று. சிட்னியில் சிப் விற்றவர் ஒருவருக்கும் சோனி ஸ்தாபனத்துக்கும் நடந்த வழக்கிலே, 2005 இல் அந்நீதிமன்றம் அளித்த தீர்ப்பு கூர்மையானது: சட்டம் பாதுகாப்பது பிரதி செய்வதைத் தடுக்கும் சாதனத்தை, பிளே ஸ்டேஷனின் பூட்டோ பிரதி செய்வதைத் தடுக்கவில்லை, ஏற்கெனவே செய்யப்பட்ட பிரதி ஓடுவதை மட்டுமே தடுக்கிறது, ஆகவே அது சட்டம் கருதிய பூட்டன்று. அமெரிக்காவோடு செய்துகொண்ட வர்த்தக உடன்படிக்கையின் தொடர்ச்சியாக 2006 இல் அந்நாடு தன் சட்டத்தையே மாற்றிக்கொண்டது என்பது வேறு கதை. இலங்கையின் 36 ஆம் இலக்கச் சட்டமும், ஒரு படைப்பின் பிரதியாக்கத்தைத் தடுக்கவோ கட்டுப்படுத்தவோ அமைந்த சாதனத்தை முறியடிப்பதற்கென்றே செய்யப்பட்ட கருவியை விற்பனைக்கோ வாடகைக்கோ உற்பத்தி செய்வதையும் இறக்குமதி செய்வதையும் குறித்தே பேசுகிறது. சிட்னி வழக்கிலே எழுந்த வினா இரத்தினபுரி நீதிமன்றத்திலே எழுமாயின் என்ன விடை வரும் என்பதைச் சட்ட நிபுணர்தாம் சொல்ல வேண்டும். வாசகத்தை வாசிக்கும் சாதாரணன் ஒருவனுக்கு, அதிலே இரு பக்கத்துக்கும் இடமிருப்பதாகவே தோன்றுகிறது.

சிப்பின் காலம் கழிந்து, திறவுகோலின் காலம் வந்தது. மைக்ரோசொப்ட் ஸ்தாபனம் 2001 இல் வெளியிட்ட எக்ஸ்பொக்ஸ் யந்திரத்திலே, முதன்முதல் இயங்கும் ஒரு சிறு நிரலையும் அதன் ரகசியத் திறவுகோலையும் ஒரு சில்லின் வயிற்றிலே மறைத்து வைத்தார்கள். அச்சில்லிலிருந்து மூளைச் சில்லுக்குச் செய்தி செல்லும் பாதையிலே அந்தத் திறவுகோல் மறைப்பின்றிப் பயணம் செய்தது. பாதையின் வேகமே காவலென்றும், அத்தனை விரைவாக ஓடுவதை ஒட்டுக்கேட்கச் சாமானியரால் முடியாதென்றும் அமைத்தவர்கள் நம்பினார்கள். மாசசூசெட்ஸ் தொழினுட்பக் கழகத்திலே ஆராய்ச்சி மாணவராயிருந்த அன்ட்ரூ ஹுவாங், 2002 இல் தாமே ஒரு சுற்றுப்பலகையைச் செய்து, அந்தப் பாதையிலே காது வைத்துத் திறவுகோலை எடுத்துவிட்டார். எடுத்த விதத்தைப் புத்தகமாகவும் எழுதினார். நின்டெண்டோவின் வீ யந்திரத்துக்கு நேர்ந்தது இன்னும் வேடிக்கை. கணிதக் கையொப்பம் சரிதானா என்று ஒப்பிடும் பணியை, எழுத்து வரிகளை ஒப்பிடும் கட்டளையிடம் ஒப்படைத்திருந்தார்கள். அக்கட்டளையோ பூச்சியத்தைக் கண்டவுடன் வரி முடிந்ததென்று எண்ணி நின்றுவிடும். பூச்சியத்தில் தொடங்குமாறு ஒரு போலியைச் செய்தால் மீதியை அது பார்ப்பதேயில்லை. இந்தப் பிழையை நிரல் எழுதும் எந்தப் புது மாணவனும் செய்திருக்கலாம். உலகப் புகழ் பெற்ற ஸ்தாபனம் செய்தது.

ஆயினும், இந்தச் சரித்திரத்திலே நின்று நிதானித்துப் பார்க்க வேண்டிய இடம் பிளே ஸ்டேஷன் மூன்றின் வீழ்ச்சியே. 2006 இல் வெளிவந்த அந்த யந்திரம் நான்கு ஆண்டுகள் அசையாமல் நின்றது. அதற்கு ஒரு காரணம், சோனி அதன் உரிமையாளருக்குத் தானாகவே ஒரு சன்னலைத் திறந்து வைத்திருந்தமை: விரும்பியவர் அதிலே லினக்ஸ் என்னும் சுதந்திர இயங்குதளத்தை ஏற்றி, சாதாரண கணினிபோல் உபயோகிக்கலாம். அந்த வசதியை நம்பியே அமெரிக்க ஆகாயப் படையினர் 1,700 க்கு மேற்பட்ட யந்திரங்களை வாங்கி, ஒன்றோடொன்று இணைத்து மீத்திறன் கணினியொன்றை அமைத்தார்கள். 2010 ஏப்ரல் முதலாம் தேதி, பாதுகாப்புக் காரணம் சொல்லி, சோனி அந்தச் சன்னலை அடைத்தது. புதுப்பித்தலை ஏற்றுக்கொண்டவன் லினக்ஸை இழந்தான். ஏற்க மறுத்தவன் வலையமைப்பையும் புதிய விளையாட்டுகளையும் இழந்தான். விற்ற பண்டத்தின் ஒரு பாகத்தை, வாங்கியவன் வீட்டிலிருந்தே, பின்னொரு நாளில் திருப்பி எடுத்துக்கொண்டதற்கு வணிக உலகம் என்ன பெயர் சொல்லுமோ தெரியாது. இதற்காகத் தொடரப்பட்ட வழக்கு 2018 இல் 37 லட்சத்து 50 ஆயிரம் டொலர் தருவதென்ற சமரசத்தோடு முடிந்தது.

சன்னல் அடைபட்ட அதே ஆண்டின் டிசம்பர் மாதம், அந்நாளில் பெர்லின் நகரிலே ஆண்டுதோறும் கூடிய கேயோஸ் கணினிக் கழக மாநாட்டிலே ‘பெயில் ஓவர்புளோ’ என்ற குழுவினர் மேடையேறி, சோனியின் அந்தரங்கத் திறவுகோலை எவ்வாறு கணக்கிட்டுப் பெறலாம் என்று காட்டினார்கள். இங்கே ஒரு விஷயத்தை விளக்காமல் கடக்க முடியாது. எக்ஸ்பொக்ஸின் திறவுகோல் யந்திரத்துக்குள்ளேயே இருந்தது, தேடினால் கிடைக்கும். பிளே ஸ்டேஷன் மூன்றிலோ கையொப்பமிடும் திறவுகோல் எந்த யந்திரத்துக்குள்ளும் இல்லை. அது ஸ்தாபனத்தின் பெட்டகத்திலே இருந்தது. யந்திரத்திடம் இருந்ததெல்லாம் கையொப்பத்தைச் சரிபார்க்கும் பகிரங்கத் திறவுகோல் மாத்திரமே. அந்தப் பகிரங்கத்திலிருந்து அந்தரங்கத்தை ஊகிப்பதற்கு உலகத்துக் கணினிகளையெல்லாம் திரட்டினாலும் காலம் போதாது. இத்தனை வலிய கோட்டை ஒரு சாதாரண அலட்சியத்தால் விழுந்தது.

அந்தக் கையொப்ப முறையிலே ஒவ்வொரு கையொப்பத்துக்கும் புதியதோர் எழுந்தமான எண்ணைத் தேர்ந்து, உபயோகித்து, மறந்துவிட வேண்டும். சோனியினர் எல்லாக் கையொப்பங்களுக்கும் ஒரே எண்ணை உபயோகித்து வந்தார்கள். ஒரு கையொப்பம் என்பது, அந்தரங்கத் திறவுகோலும் அந்த எழுந்தமான எண்ணும் ஆகிய இரு தெரியாக் கணியங்களைக் கொண்ட ஒரு சமன்பாடு. ஒரு சமன்பாட்டினால் இரண்டு தெரியாதவற்றைக் காண முடியாது; ஒவ்வொரு முறையும் எண் மாறுமாயின் சமன்பாடு கூடக்கூடத் தெரியாதவையும் கூடிக்கொண்டே போகும். எண் மாறாவிட்டாலோ, இரண்டு கையொப்பங்கள் இரண்டு சமன்பாடுகளாகும், தெரியாதவை இரண்டே. ஒன்றிலிருந்து மற்றதைக் கழிக்கத் திறவுகோல் இருந்த உறுப்பு நீங்கிப் போகும். எஞ்சியதை வகுக்க எண் கிடைக்கும். எண்ணைப் பிரதியிடத் திறவுகோல் கிடைக்கும். எஹெலியகொடையிலோ தெஹியோவிட்டையிலோ சாதாரண தரப் பரீட்சைக்கு ஆயத்தமாகும் பிள்ளைக்கு இதன் பெயர் தெரியும்: ஒருங்கமை சமன்பாடு. கடிகாரக் கணிதம் என்னும் ஒரு மேலாடை மட்டுமே அதன்மேல் போர்த்தப்பட்டிருக்கிறது. பல கோடி டொலர் முதலீட்டின் காவல் அந்தப் பாடத்தின் ஒரு பயிற்சியினால் கழன்று விழுந்ததென்று வகுப்பிலே சொல்லும் ஆசிரியர் ஒருவர் இருப்பாராயின், கணிதம் எதற்கென்று கேட்கும் பிள்ளை அதன்பின் அக்கேள்வியைக் கேட்க மாட்டான்.

சில நாட்களில், 2011 ஜனவரியில், ஜோர்ஜ் ஹொட்ஸ் என்ற இளைஞர் யந்திரத்தின் மூலத் திறவுகோலையே உலகறிய வெளியிட்டார். சோனி வழக்குத் தொடுத்தது, ஏப்ரலில் சமரசமாயிற்று. அதே ஏப்ரலிலே, வேறு எவரோ சோனியின் வலையமைப்பிலே புகுந்து, 7 கோடியே 70 லட்சம் கணக்குகளின் பெயர், விலாசம், பிறந்த தேதி முதலியவற்றை அள்ளிச் சென்றார்கள். வலையமைப்பு மூன்று வாரங்களுக்கு மேல் மூடிக் கிடந்தது. பாதுகாக்கத் தவறியதற்காக 2013 இல் பிரித்தானியத் தகவல் ஆணையாளர் இரண்டரை லட்சம் பவுண் அபராதம் விதித்தார். வாங்கியவனுக்கு எதிராகத் தன் திறவுகோலைக் காப்பதிலே இத்தனை வைராக்கியம் காட்டிய ஸ்தாபனம், வாங்கியவன் நம்பிக் கொடுத்த விவரங்களைக் காப்பதிலே அந்த வைராக்கியத்தில் பாதியைக்கூடக் காட்டவில்லை என்பது என் அபிப்பிராயம்.

தோட்டங்களிலே உழைத்த நமது முன்னோரும் இப்படியொரு பூட்டின் கீழே வாழ்ந்தவர்கள். தொழிலாளி ஒரு தோட்டத்தை விட்டு மறு தோட்டத்துக்குப் போக வேண்டுமானால், தோட்டத் துரையின் கையெழுத்தோடு கூடிய ‘துண்டு’ வேண்டும். அந்தத் துண்டிலே அவனும் அவனுடைய கங்காணியின் ஆட்களும் பட்ட கடன் எழுதப்பட்டிருக்கும். புதிய தோட்டம் அக்கடனைச் செலுத்தினாலொழிய பழைய தோட்டம் அவனை விடுவிக்காது. கடன் எப்படி ஏறிற்று, எவர் எழுதினார், எவ்வளவு உண்மை என்பதெல்லாம் கணக்கப்பிள்ளையின் ஏட்டுக்கும் கங்காணியின் மனசாட்சிக்குமே வெளிச்சம். உழைப்பு அவனுடையது, உடம்பு அவனுடையது. அதை எடுத்துச் செல்வதற்கான அனுமதி மட்டும் இன்னொருவர் பையிலே இருந்தது. 1921 இல் அம்முறை சட்டத்தால் ஒழிக்கப்பட்டது.  கடனுக்காக ஆளைப் பிணைத்து வைக்க வேண்டாம் என்பதே அந்த ஒழிப்பின் சாரம். ஒரு விளையாட்டுப் பெட்டியை மனித வாழ்வோடு ஒப்பிடுவது மிகையென்று வாசகர் சொல்லக்கூடும். துன்பத்தின் அளவிலே மிகைதான். அதிகாரத்தின் அமைப்பிலே மிகையில்லை. பதிப்புரிமை என்ற பாத்தியதையை வசூலிக்கும் பொருட்டு, வாங்கியவனுடைய சொத்தையே பிணையாக வைத்துக்கொள்ளும் முறை இது.

பூட்டை உடைக்கும் பக்கத்திலே நிற்பவர்கள் எல்லாரும் சுதந்திர வீரர்களென்றும் எண்ணிவிடக் கூடாது. நின்டெண்டோவின் ஸ்விட்ச் யந்திரத்திலே, தொழிற்சாலையிலேயே சில்லில் வார்க்கப்பட்டுவிட்டதாகையால் பின்னர் எந்தப் புதுப்பித்தலாலும் திருத்த முடியாத ஒரு பிழையை, 2018 இல் கேத்தரின் டெம்கின் என்ற ஆராய்ச்சியாளர் கண்டு, ஸ்தாபனங்களுக்கு முன்னறிவித்து, பின்னர் முறையாக வெளியிட்டார். அதற்குள் கோடிக்கு மேற்பட்ட யந்திரங்கள் விற்பனையாகியிருந்தன. அதே யந்திரத்துக்குத் திருட்டு விளையாட்டுகளை ஓட்டும் கருவிகளைச் செய்து விற்றுப் பணம் குவித்த கூட்டத்திலே ஒருவரான கேரி பௌசருக்கு, 2022 இல் அமெரிக்க நீதிமன்றம் 40 மாதச் சிறைத்தண்டனை விதித்தது. நட்டஈடாக அவர்மேல் சுமத்தப்பட்ட தொகை எல்லாம் சேர்த்து 1 கோடியே 45 லட்சம் டொலர். (நின்டெண்டோக் கதைகளில் வரும் வில்லனின் பெயரும் பௌசர்தான்; விதியின் பரிகாசம்.) தொகை அதிகமென்று நான் நினைக்கிறேன், குற்றம் இல்லையென்று நினைக்கவில்லை. டெம்கின் செய்ததற்கும் பௌசர் செய்ததற்கும் இடையே உள்ள தூரத்தைச் சட்டம் எப்படி அளக்கிறது என்பதே கேள்வி.

இனி நம் ஊருக்கே திரும்பி, விஷயத்தின் நடைமுறைப் பக்கத்தைப் பார்ப்போம். பலாங்கொடையிலே ஒருவர் வாங்கிய பழைய பிளே ஸ்டேஷனின் தட்டு வாசிக்கும் பாகம் பழுதாகிவிட்டதென்று வைத்துக்கொள்வோம். கடையிலே வேறொரு செத்த யந்திரம் கிடக்கிறது, அதன் வாசிக்கும் பாகம் நன்றாயிருக்கிறது. மாற்றிப் பொருத்தினால் வேலை முடிந்ததென்று எண்ணுவோம், முடிவதில்லை. பிற்கால யந்திரங்களிலே வாசிக்கும் பாகமும் தாய்ப்பலகையும் தொழிற்சாலையிலேயே சங்கேதத் திறவுகோலால் ஒன்றுக்கொன்று முடிச்சிடப்பட்டிருக்கின்றன. பிறத்தியான் பாகத்தைப் பலகை ஏற்காது. திருத்துநருடைய விரல்களிலே வித்தை இருக்கிறது, பாகம் இருக்கிறது, உரிமையாளரின் சம்மதம் இருக்கிறது. இல்லாதது திறவுகோல் ஒன்றே. இங்கே திருடப்பட்ட விளையாட்டு எதுவுமில்லை, நட்டப்பட்ட ஆசிரியர் எவருமில்லை. விலை கொடுத்து வாங்கிய உண்மைத் தட்டுகளை ஓட்டுவதற்கே யந்திரம் திருத்தப்படுகிறது. அப்படியிருந்தும், அந்த முடிச்சை அவிழ்க்கும் கருவியை ஒருவர் இறக்குமதி செய்து விற்றால், அவர் சட்டத்தின் எந்தப் பக்கத்தில் நிற்கிறார் என்பது தெளிவாயில்லை.

அமெரிக்காவிலே இதற்கு ஒரு மார்க்கம் கண்டிருக்கிறார்கள். பூட்டு உடைப்பதைத் தடுக்கும் அந்நாட்டுச் சட்டத்துக்கு, மூன்று ஆண்டுகளுக்கு ஒருமுறை, பொதுமக்களின் மனுக்களைக் கேட்டு விதிவிலக்குகள் வழங்கப்படுகின்றன. 2010 இல் கைத்தொலைபேசியைத் திறப்பதற்கு விலக்குக் கிடைத்தது. 2012 இல் விளையாட்டு யந்திரத்துக்குக் கேட்டபோது, திருட்டுப் பிரதிக்கு வழியாகுமென்று மறுத்தார்கள். 2021 இல், தட்டு வாசிக்கும் பாகத்தை மாற்றித் திருத்துவதற்கு மாத்திரம் என்று ஒரு சிறு விலக்கை அளித்தார்கள். யந்திரம் செய்யும் ஸ்தாபனத்தைத் தன்னகத்தே கொண்ட ஒரு நாடே அவ்வளவு தூரம் இறங்கி வந்திருக்கும்போது, அந்த யந்திரங்களை இறக்குமதி செய்து, பழசாக வாங்கி, திருத்தித் திருத்தி ஓட்டும் நமது நாடு அதற்கும் குறைவான உரிமையோடு திருப்திப்பட வேண்டிய காரணம் என்ன? நமது 2003 ஆம் ஆண்டுச் சட்டம் கற்பித்தலுக்கும் ஆராய்ச்சிக்கும் விமர்சனத்துக்கும் நியாயமான உபயோகத்தை ஏற்றுக்கொண்ட சட்டம். அந்தத் தாராளத்தைப் பூட்டுகளின் விஷயத்திலும் வெளிப்படையாக எழுதிவைக்கும்படி கேட்பது பெரிய கோரிக்கையன்று.

சட்டம் ஒரு பக்கம், பள்ளிக்கூடம் மறுபக்கம். இரத்தினபுரி, கேகாலை மாவட்டங்களிலே தமிழ் மொழிமூலம் உயர்தரத்தில் கணிதமும் விஞ்ஞானமும் கற்கக்கூடிய பாடசாலைகள் மிகச் சில என்பது பழைய முறைப்பாடு. பிள்ளைகள் கலைப்பிரிவுக்குத் திரும்புகிறார்கள், அல்லது ஊரை விட்டு வேறு மாவட்டத்துக்கு அனுப்பப்படுகிறார்கள், அல்லது கொழும்புப் புறக்கோட்டைக் கடைக்குப் போகிறார்கள். சிப் அடிக்கப் பற்றாசு பிடிக்கத் தெரிந்த கைக்கும், அந்தச் சிப் ஏன் வேலை செய்கிறது என்று சொல்லத் தெரிந்த மூளைக்கும் நடுவிலே இருப்பது இரண்டு வருஷத்து உயர்தர வகுப்பு மட்டுமே. பெலிஹுல் ஓயாவிலே சப்ரகமுவப் பல்கலைக்கழகம் கணினிக் கல்வியும் நடத்துகிறது. பலாங்கொடைத் தோட்டங்களிலிருந்து அது தூரமன்று. தூரமாயிருப்பது அதன் வாசலுக்குப் போகும் படிக்கட்டு. விளையாட்டு யந்திரத்தைக் காக்கும் அதே கணிதந்தான் வங்கி அட்டையையும், வளைகுடாவிலிருந்து தாய்மார் அனுப்பும் பணத்தையும், அரசாங்கம் கொண்டுவர எண்ணும் இலக்கமுறை அடையாள அட்டையையும் காக்கிறது. அதை அறிந்தவர்கள் நம்மவருள் இல்லாவிட்டால், அந்த அட்டையிலே எவர் திறவுகோலை வைத்திருக்கிறார் என்று கேட்பதற்கும் நம்மிடம் ஆளிருக்காது.

ஆதலால் தேசிய புலமைச் சொத்து அலுவலகமும், பாராளுமன்றத்திலே மலையகத்தின் பேரால் அமர்ந்திருப்போரும், 2003 ஆம் ஆண்டுச் சட்டம் திருத்தப்படும் வேளையிலே மூன்று வாக்கியங்களைச் சேர்க்கும்படி கேட்கிறேன். தன் சொந்த யந்திரத்தைத் திருத்துவதற்காகப் பூட்டைத் திறப்பவனும், அவனுக்காகத் திறந்து கொடுக்கும் திருத்துநரும் குற்றவாளிகளல்லர். பூட்டின் பலவீனத்தை ஆராய்ந்து, உரியவருக்கு முன்னறிவித்து வெளியிடுபவர் குற்றவாளியல்லர். விற்ற பின் ஒரு வசதியைத் திருப்பி எடுத்துக்கொள்ளும் விற்பனையாளர், அந்த வசதியின் பெறுமதியை வாங்கியவருக்குத் திருப்பித் தரக் கடமைப்பட்டவர். திருட்டுப் பிரதியை அடுக்கி விற்பவனுக்குரிய தண்டனையிலே ஒரு நாளையும் குறைக்க வேண்டியதில்லை. சம்பள உயர்வைப் பற்றி வருடந்தோறும் பேசும் நம் பிரதிநிதிகள், வரவு செலவு விவாதத்திலே ஒரு மாலைப் பொழுதை இதற்கும் ஒதுக்கலாம்; அமைச்சர் எவராவது விஷயம் புரியவில்லை என்பாராயின், இரத்தினபுரி பஸ் நிலையத்தருகே போன் திருத்தும் கடையிலே கேட்டால் அரை மணித்தியாலத்தில் விளக்கிவிடுவார்கள்.